டிரைவர் சிடி எங்கே?

சென்னை அண்ணா சாலையை ஒட்டிய ரிச்சி தெருவுக்குப் பழைய சிபியுவைச் சுமந்து வருபவரிடம் சர்வீஸ்காரர்கள் தவறாமல் கேட்கும் கேள்வி ஒன்று உண்டு. “போர்டு வாங்கினப்ப ஒரு சிடி குடுத்திருப்பாங்களே, அது இருக்கா சார்?” பெரும்பாலும் இருக்காது. வீடு மாறும்போது போயிருக்கும். இல்லையென்றால் பாட்டு சிடிகளோடு கலந்து, கீறல் விழுந்து கிடக்கும். வெள்ளைத் தாள் உறைக்குள், மதர்போர்டு கம்பெனியின் பெயரை மட்டும் தாங்கி வந்த அந்தத் தகட்டை வாங்கிய நாளில் யாரும் பொருட்படுத்தவில்லை. பத்துப் பதினைந்து ஆண்டுகள் கழித்து, அந்தக் கம்ப்யூட்டர் ஓடுமா, காயலான் கடைக்குப் போகுமா என்பதை அதுதான் தீர்மானிக்கிறது.

இந்தக் கேள்வி இப்போது முன்னைவிட அதிகம் கேட்கிறது. விண்டோஸ் 10-க்கான வழக்கமான ஆதரவை மைக்ரோசாஃப்ட் 2025 அக்டோபர் 14-ஆம் தேதியோடு முடித்துக்கொண்டது. விண்டோஸ் 11-க்குப் போகலாம் என்றால் டிபிஎம் 2.0 என்ற பாதுகாப்பு வசதி வேண்டும், இன்டெல் பிராசஸராக இருந்தால் ஒன்றிரண்டு விதிவிலக்குகள் தவிர 8-ஆம் தலைமுறையாவது வேண்டும். இந்த நிபந்தனைகளால் உலகெங்கும் 24 கோடி கம்ப்யூட்டர்கள் குப்பைக்குப் போகக்கூடும் என்று கனாலிஸ் என்ற சந்தை ஆய்வு நிறுவனம் 2023 இறுதியில் மதிப்பிட்டது. அந்தப் பெட்டிகளை வைத்திருக்கும் பலரும் தூக்கிப் போடத் தயாராக இல்லை. நன்றாக ஓடுகிற பொருளை எதற்காகப் போட வேண்டும்? ஹார்டு டிஸ்க்கை எடுத்துவிட்டு எஸ்எஸ்டி மாட்டுகிறார்கள், ஃபார்மேட் செய்கிறார்கள், தெரிந்த விண்டோஸையோ லினக்ஸையோ புதிதாக ஏற்றுகிறார்கள்.

ஏற்றி முடித்ததும் திரை வருகிறது. ஆனால் எழுத்துகள் பருத்து, அகலத்தில் இழுபட்டுத் தெரிகின்றன. ஸ்பீக்கரில் சத்தம் இல்லை. லான் கேபிளைச் செருகினால் விளக்கு மினுக்குகிறது, இன்டர்நெட் வரவில்லை. டிவைஸ் மேனேஜரைத் திறந்தால் மஞ்சள் முக்கோணத்தில் ஆச்சரியக்குறிகள் வரிசையாக நிற்கின்றன. ஒன்றைச் சொடுக்கினால் ‘கோட் 28’ என்று வருகிறது. அந்த வன்பொருளுக்கு டிரைவர் நிறுவப்படவில்லை என்று அதற்குப் பொருள். போர்டில் ஒரு மின்தேக்கிகூட வீங்கியிருக்காது. ரேம் சரி, பவர் சப்ளை சரி. சில எம்பி அளவுள்ள ஒரு கோப்பு இல்லை, அவ்வளவுதான். அந்தக் கோப்பு கிடைக்காமல் நல்ல கம்ப்யூட்டர்கள் எடைக்குப் போவதை நான் பார்த்திருக்கிறேன். அந்தக் கோப்பைப் பாதுகாப்பது யாருடைய கடமை என்று நாம் இதுவரை உரக்கக் கேட்டதே இல்லை.

சிப் சொல்லும் எண்

விண்டோஸ் ஒரு பாட்டை ஒலிக்கச் செய்ய நினைத்தால், சவுண்ட் சிப்பின் எந்தப் பதிவேட்டில் எந்த எண்ணை, எந்த வரிசையில் எழுத வேண்டும் என்பது அதற்குத் தெரியாது. சிப்புக்குச் சிப் அது மாறும். அதைத் தெரிந்து வைத்திருக்கும் நிரல்தான் டிரைவர். 1990-களின் தொடக்கத்தில் கம்ப்யூட்டர் பழகியவர்களுக்கு இன்னொரு தொல்லையும் நினைவிருக்கும். சவுண்ட் பிளாஸ்டர் கார்டைச் செருகிவிட்டு, போர்ட் 220, ஐஆர்க்யு 5, டிஎம்ஏ 1 என்று நாமேதான் சொல்லித்தர வேண்டும். கார்டில் ஜம்பர் மாறிப்போனால் சத்தம் வராது. தான் யார் என்று சொல்லக்கூட அன்றைய கார்டுகளுக்குத் தெரியாது.

1992-இல் இன்டெல் அறிமுகப்படுத்திய பிசிஐ அதை மாற்றியது. ஒவ்வொரு பிசிஐ சாதனமும் தன்னைத் தயாரித்தவர் யார், தான் எந்தச் சாதனம் என்ற இரண்டு எண்களைத் தனக்குள்ளேயே வைத்திருக்க வேண்டும் என்பது விதி. கேட்டால் சொல்லும். டிரைவர் இருக்கிறதா இல்லையா, எந்த விண்டோஸ் ஓடுகிறது என்பதெல்லாம் அதற்குப் பொருட்டில்லை. இருபது வருடம் பரணில் கிடந்த கார்டும் அதே எண்ணைத்தான் சொல்லும். பழைய கம்ப்யூட்டருக்கு டிரைவர் தேடுபவர் கையில் இதைவிட நம்பகமான துப்பு வேறு கிடையாது.

பார்ப்பதும் எளிது. டிவைஸ் மேனேஜரில் ஆச்சரியக்குறி போட்ட சாதனத்தின் மேல் வலது சொடுக்கு, பிராப்பர்டீஸ், அதில் டீடெய்ல்ஸ், பட்டியலில் ஹார்டுவேர் ஐடீஸ். ஒரு நீண்ட வரி வரும். அதில் வெண்டர் எண் 8086, டிவைஸ் எண் 2772 என்று இருந்தால், அது இன்டெல் 945ஜி சிப்செட்டின் உள்ளே இருக்கும் கிராஃபிக்ஸ். 2006, 2007 வாக்கில் நம் ஊரில் அசெம்பிள் செய்த கம்ப்யூட்டர்களில் ஏராளமாக இருந்தது இது. இன்டெல் தன் எண்ணாக 8086-ஐ எடுத்துக்கொண்டது 1978-இல் வந்த தன் புகழ்பெற்ற பிராசஸரின் பெயரால். 1002 என்றால் ஏடிஐ. 2006-இல் அந்த நிறுவனத்தை ஏஎம்டி வாங்கிய பிறகும் எண் மாறவில்லை. 1106 என்றால் வியா. 1039 என்றால் சிஸ். 10இசி என்றால் ரியல்டெக். இந்த எண்களை எல்லாம் திரட்டி, யார் வேண்டுமானாலும் பார்க்கும்படி ஒரு பொதுப் பட்டியலைத் தொடங்கியவர் செக் நாட்டு நிரலாளர் மார்ட்டின் மரேஷ். உலகெங்கும் இருந்து பயனாளர்கள் தங்கள் கம்ப்யூட்டரில் பார்த்த எண்களை அனுப்பி அனுப்பி அதை வளர்த்திருக்கிறார்கள்.

இதில் இடறும் இடம் ஒன்று உண்டு. சவுண்டுக்கு இரண்டு எண்கள். போர்டில் சிப்செட்டுக்குள் ஒரு கன்ட்ரோலர் இருக்கும். அதோடு பேசும் ஆடியோ சிப் தனியாக, பெரும்பாலும் ரியல்டெக்குடையதாக, போர்டின் ஓரத்தில் இருக்கும். விண்டோஸ் எக்ஸ்பியில் கன்ட்ரோலருக்கான டிரைவர் இல்லாதவரை ஆடியோ சிப் விண்டோஸின் கண்ணுக்கே படாது. டிவைஸ் மேனேஜரில் வெறும் ‘பிசிஐ டிவைஸ்’ என்று ஒன்று மட்டும் நிற்கும். எண்ணைப் பார்த்தால் 8086, 27டி8 என்று இன்டெல்லைக் காட்டும். சவுண்டு சிப் இன்டெல்லுடையது என்று நினைத்து அந்தக் கம்பெனியின் பக்கங்களில் மணிக்கணக்கில் தேடுபவர்கள் உண்டு. எக்ஸ்பி எஸ்பி 2-இல் மைக்ரோசாஃப்ட்டின் கேபி888111 என்ற சிறு திருத்தத்தை முதலில் போட்டால்தான், பின்னாலிருக்கும் ரியல்டெக் வெளியே தெரியும். அதற்குப் பிறகு ரியல்டெக் டிரைவரைப் போட வேண்டும். வரிசை மாறினால் மறுபடியும் ஆரம்பத்திலிருந்து.

சிப்செட் டிரைவர் என்று நாம் சொல்வதைப் பற்றியும் ஒரு வார்த்தை. இன்டெல் சிப்செட்டைப் பொறுத்தவரை அது பெரும்பாலும் டிரைவரே அல்ல. இந்த எண்ணுக்கு இந்தப் பெயர், உன்னிடம் ஏற்கெனவே இருக்கும் இந்த நிரலைப் பயன்படுத்திக்கொள் என்று விண்டோஸுக்குச் சொல்லும் ஐஎன்எஃப் என்ற உரைக்கோப்புகளின் தொகுப்பு. ‘எஸ்எம் பஸ் கன்ட்ரோலர்’ என்று மஞ்சள் குறியோடு நிற்பதைக் கண்டு பயந்து போர்டை மாற்றச் சொன்ன கடைகள்கூட உண்டு. அந்த உரைக்கோப்பு போதும், குறி மறைந்துவிடும்.

ஓர் அச்சகத்தில்

மதுரையில் ஓர் அழைப்பிதழ் அச்சகம். கல்யாணம், காதுகுத்து, கிரகப்பிரவேசம், கண்ணீர் அஞ்சலி என்று எல்லா வேலையும் ஒரே கம்ப்யூட்டரில் ஓடுகிறது. 945 சிப்செட் போர்டு, 17 அங்குல மானிட்டர், விண்டோஸ் எக்ஸ்பி, பேஜ்மேக்கர் 7. அடோபி பேஜ்மேக்கரின் கடைசிப் பதிப்பு அது, 2001-இல் வந்தது. யூனிகோடுக்கு முந்தைய தமிழ் ஃபான்ட்டுகள். அந்த ஃபான்ட் மென்பொருள் ஓட வேண்டுமென்றால் கம்ப்யூட்டரின் பின்பக்கம் பேரலல் போர்ட்டில் ஒரு ‘லாக்’ செருகியிருக்க வேண்டும். ஹார்டு டிஸ்க் கடகடக்க ஆரம்பித்திருந்தது. தகவல்களை வேறு டிஸ்க்குக்குப் பிரதி எடுத்துவிட்டார்கள். ஆனால் விண்டோஸைப் புதிதாகத்தான் போட வேண்டியிருந்தது.

“புதுசு வாங்குறதுக்குக் காசு இல்லாம இல்ல தம்பி. புதுசுல இந்த லாக்கைச் செருக ஓட்டையே இல்லையே. ஊர்ல எந்தக் குடும்பத்துல கல்யாணம்னாலும், அவங்க அப்பா கல்யாணப் பத்திரிகையை எடுத்து, பேரை மாத்தி, அதே வரிசையில அடிச்சுக் குடுக்கிறேன். அந்த ஃபைல் எல்லாம் இதுலதான் தெறக்கும்” என்றார் உரிமையாளர். அவர் சொன்னதில் மிகை இல்லை. பழைய ஃபான்ட்டில் தட்டிய பக்கத்தை அந்த ஃபான்ட் இல்லாத கம்ப்யூட்டரில் திறந்தால் மணமகன் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் கோணல்மாணலான ஐரோப்பிய எழுத்துகள்தான் இருக்கும். உற்றார் உறவினர் பட்டியலில் யார் பெயருக்குப் பின் யார் பெயர் என்பது எங்கள் பக்கம் சின்ன விஷயமும் அல்ல.

சர்வீஸுக்கு வந்திருந்த இளைஞர் எக்ஸ்பியை ஏற்றினார். திரை பழைய 800-க்கு 600 அளவில், நிறங்கள் பட்டை பட்டையாக வந்தது. லான் வரவில்லை. அவர் பையிலிருந்து ஒரு பழைய லான் கார்டை எடுத்து பிசிஐ ஸ்லாட்டில் அழுத்தினார். ரியல்டெக் 8139 சிப் போட்ட கார்டு. அதற்கான டிரைவர் எக்ஸ்பிக்கு உள்ளேயே இருக்கிறது. கம்ப்யூட்டர் எழுந்ததும் அடையாளம் கண்டுகொண்டது. “இந்த ஒரு கார்டு இருந்தா எங்கயும் மாட்டிக்க மாட்டோம்ணே” என்றார் அவர். ஆனால் அன்றைக்கு அதுவும் பாதி வழிதான் உதவியது. எக்ஸ்பியோடு வரும் இன்டர்நெட் எக்ஸ்ப்ளோரர் இன்றைய பாதுகாப்பு முறைகளைப் புரிந்துகொள்ளாது. எந்தத் தளத்துக்குப் போனாலும் பக்கம் திறக்கவில்லை என்றே வந்தது.

பக்கத்துக் கடையின் கம்ப்யூட்டரில் இறக்கிப் பென் டிரைவில் கொண்டுவருவது என்று முடிவானது. அதிலும் ஒரு சிக்கல்: புதுப் பென் டிரைவ் எக்ஸ்ஃபேட் முறையில் ஃபார்மேட் ஆகியிருந்தது. எக்ஸ்பிக்கு அதைப் படிக்கத் தெரியாது. ‘ஃபார்மேட் செய்யட்டுமா’ என்று கேட்டது. ஃபேட்32-க்கு மாற்றி மறுபடி எடுத்து வந்தார்கள். சிப்செட்டின் எண்ணை வைத்துத் தேடியதில், அந்தப் போர்டோடு பெட்டியில் வந்த அதே சிடியை யாரோ ஒரு முகம் தெரியாதவர் முழுமையாகப் பிரதி எடுத்து இன்டர்நெட் ஆர்க்கைவ் என்ற தளத்தில் போட்டு வைத்திருந்தது தெரிந்தது. போர்டின் மாடல் பெயர் சரிதானா என்று உறுதி செய்ய கேபினெட்டின் பக்கத் தகட்டைக் கழற்றி, பிசிஐ ஸ்லாட்டுகளுக்கு நடுவில் வெள்ளை மையில் அச்சிட்டிருந்ததை டார்ச் அடித்துப் படித்தார் இளைஞர். பொருந்தியது.

டிரைவர் ஏறி, கம்ப்யூட்டர் மறுபடி எழுந்து, திரை 1280-க்கு 1024-க்கு வந்தபோது அச்சகக்காரர் செய்த முதல் வேலை, ஒரு பழைய கல்யாணப் பத்திரிகையைத் திறந்து மேலே இருக்கும் பிள்ளையார் சுழி நடுவில் நிற்கிறதா என்று பார்த்ததுதான். ‘லாக்’குக்கான டிரைவர் சிடியைத் தேடவே வேண்டியிருக்கவில்லை. அதைப் பில்லோடு சேர்த்துப் பீரோவில் பூட்டி வைத்திருந்தார். தனியாகப் பணம் கொடுத்து வாங்கியது என்பதால் அதற்கு அந்த மரியாதை. போர்டோடு இலவசமாக வந்த சிடிக்கு அது கிடைக்கவில்லை.

அழித்தவர்களும் காத்தவர்களும்

டெஸ்க்டாப் மதர்போர்டு தயாரிப்பிலிருந்து விலகுவதாக இன்டெல் 2013 ஜனவரியில் அறிவித்தது. 2019 நவம்பரில், பழைய போர்டுகளுக்கான டிரைவர்களும் பயாஸ் கோப்புகளும் அதன் இறக்கப் பக்கங்களிலிருந்து எடுக்கப்படும் என்ற குறிப்பு வந்தது, கோப்புகள் போயின. 2020 ஆகஸ்டில் மைக்ரோசாஃப்ட், பழைய ஷா-1 முறையில் கையொப்பமிட்ட கோப்புகளைத் தன் டவுன்லோடு சென்டரிலிருந்து நீக்கியது. பாதுகாப்பு காரணம் நியாயமானதுதான். ஆனால் பழைய விண்டோஸுக்கான பல கோப்புகளும் அதோடு மறைந்தன. மூடிய கம்பெனிகளின் கதை இன்னும் மோசம். மதர்போர்டு ஆர்வலர்கள் கொண்டாடிய தைவானின் அபிட் 2008-இன் கடைசி நாளோடு முடிந்தது. கிராஃபிக்ஸ் கார்டுகளின் முன்னோடியான 3டிஎஃப்எக்ஸின் சொத்துகளை 2000-ஆம் ஆண்டின் இறுதியில் என்விடியா வாங்கியது. அதன் வூடூ கார்டுகளுக்கு டிரைவர் எழுத அதன்பின் ரசிகர்கள்தான் இருந்தார்கள்.

காத்தவர்களில் முதலிடம் சான் பிரான்சிஸ்கோவில் ப்ரூஸ்டர் கேல் 1996-இல் தொடங்கிய இன்டர்நெட் ஆர்க்கைவுக்கு. இறந்துபோன கம்பெனிகளின் தளங்களை அதன் வேபேக் மெஷினில் இன்றும் பார்க்கலாம். சில சமயம் கோப்பும் சேர்ந்தே கிடைக்கும். டிரைவர் சிடிகளின் முழுப் பிரதிகளும் அங்கே உண்டு. இரண்டாவதாக, பலருக்கும் தெரியாத ஒன்று: மைக்ரோசாஃப்ட் அப்டேட் கேட்டலாக். அங்கே தேடும் பெட்டியில் வன்பொருளின் எண்ணையே ஒட்டலாம். விண்டோஸ் அப்டேட் வழியாக எப்போதோ வழங்கிய டிரைவர் கேப் கோப்பாகக் கிடைக்கும். அதைப் பிரித்து ஒரு ஃபோல்டரில் வைத்து, டிவைஸ் மேனேஜரில் ‘அப்டேட் டிரைவர்’, பிறகு ‘ஹேவ் டிஸ்க்’ என்று வழிகாட்டினால் போதும். மைக்ரோசாஃப்ட்டின் சொந்த இடம் என்பதால் பயமும் இல்லை. டெல் ஆப்டிப்ளெக்ஸ் போன்ற பிராண்டட் பெட்டி வைத்திருப்பவர்களுக்குப் பின்பக்க ஸ்டிக்கரில் உள்ள சர்வீஸ் டேக் இதைவிட நேரான வழி. அசெம்பிள்டு கம்ப்யூட்டர் வைத்திருப்பவர்கள்தான் ஒவ்வொரு சிப்பாகத் தேட வேண்டியிருக்கிறது.

நெட் வராமல் நெட் டிரைவரை எப்படி இறக்குவது என்று விழிப்பவர்களுக்கு: ஆண்ட்ராய்டு போனை யுஎஸ்பி கேபிளில் இணைத்து ‘யுஎஸ்பி டெதரிங்’கை இயக்குங்கள். விண்டோஸ் 7-க்கும் அதற்குப் பின் வந்தவற்றுக்கும் போனையே ஒரு லான் கார்டாக எடுத்துக்கொள்ளத் தெரியும்.

பச்சைப் பொத்தான்கள்

‘மதர்போர்டு பெயர், டிரைவர், டவுன்லோடு’ என்று தேடுங்கள். முதல் பக்கத்தில் வருவதில் பாதிக்கு மேல், எல்லா டிரைவரையும் ஒரே சொடுக்கில் சரிசெய்கிறோம் என்று சொல்லும் ‘டிரைவர் அப்டேட்டர்’களாக இருக்கும். பெரிய பச்சைப் பொத்தான். அழுத்தினால் ஒரு ஸ்கேன் ஓடும், பயமுறுத்தும் சிவப்புப் பட்டியல் வரும், சரிசெய்யப் பணம் கேட்கும். பணம் கொடுத்தாலும் அந்தப் போர்டுக்கு உரிய கோப்பு கிடைக்கும் என்று நிச்சயம் இல்லை. நான் யாருக்கும் இவற்றைப் பரிந்துரைக்க மாட்டேன்.

பணம் போவதைவிடப் பெரிய ஆபத்து வேறு. கிராஃபிக்ஸ், லான், டிஸ்க் போன்றவற்றின் டிரைவர்கள் விண்டோஸின் மையக்கருவுக்குள், தடையே இல்லாத இடத்தில் ஓடுகின்றன. அங்கே நுழைந்த நிரல் நினைத்தால் நீங்கள் தட்டும் ஒவ்வொரு எழுத்தையும் பார்க்கலாம், ஆன்டிவைரஸை அணைக்கலாம். ஈரானின் யுரேனியச் செறிவூட்டல் எந்திரங்களைக் குறிவைத்த ஸ்டக்ஸ்நெட் 2010-இல் பிடிபட்டபோது, அது டிரைவர் வேடத்தில்தான் உள்ளே ஒளிந்திருந்தது. அதன் கோப்புகளில் தைவானின் ரியல்டெக், ஜேமைக்ரான் என்ற இரண்டு கம்பெனிகளிடம் திருடிய டிஜிட்டல் கையொப்பங்கள் இருந்தன. நம் வீட்டு சவுண்டு டிரைவரில் இருக்கும் அதே ரியல்டெக். கெட்ட எண்ணம் இல்லாமல் மோசமாக எழுதியதும் போதும், கம்ப்யூட்டரைப் படுக்க வைக்க. விண்டோஸ் எக்ஸ்பியில் பதிவான செயலிழப்புகளில் 85 சதவீதத்துக்கு டிரைவர்களே காரணம் என்று வாஷிங்டன் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2003-இல் குறிப்பிட்டார்கள். நீலத்திரையைப் பார்த்து விண்டோஸைத் திட்டியவர்கள் பலமுறை திட்டியிருக்க வேண்டியது டிரைவர் எழுதியவரை.

அதனால்தான் 64 பிட் விண்டோஸ் விஸ்டாவிலிருந்து, கையொப்பம் இல்லாத டிரைவரை மையக்கருவுக்குள் விடுவதில்லை. ‘கோட் 52’ என்று வந்தால் காரணம் இதுதான். 32 பிட்டுக்கு எழுதிய டிரைவர் 64 பிட் விண்டோஸில் ஏறவே ஏறாது. 4 ஜிபி ரேம் போட்டுவிட்டோம், 64 பிட்டுக்கு மாறுவோம் என்று ஃபார்மேட் செய்கிறவர்கள், தங்கள் பிரின்டருக்கும் டிவி ட்யூனருக்கும் 64 பிட் டிரைவர் உண்டா என்று முதலில் பார்த்துவிடுவது நல்லது.

விஸ்டா வந்த 2007 இந்த வகையில் மறக்க முடியாத ஆண்டு. கிராஃபிக்ஸ் டிரைவரின் அமைப்பையே மைக்ரோசாஃப்ட் மாற்றியதால், கடையில் புதிதாக விற்ற கம்ப்யூட்டர்களே தடுமாறின. மைக்ரோசாஃப்ட்டின் துணைத் தலைவர்களில் ஒருவரான மைக் நாஷ், விஸ்டாவுக்கு ஏற்றது என்ற முத்திரையை நம்பி வாங்கிய மடிக்கணினி, 2,100 டாலர் கொடுத்தும் மின்னஞ்சல் பார்க்கும் எந்திரமாக மட்டுமே ஆகிவிட்டது என்று அலுவலகத்துக்குள் எழுதிய கடிதம், பின்னர் நீதிமன்ற வழக்கில் வெளியே வந்தது. அவருக்கே அந்த நிலை.

ஏற்றும்போதே நின்றுவிடும் வகையும் உண்டு. ஏஹெச்சிஐ முறையில் வைத்த சாட்டா டிஸ்க்கில் எக்ஸ்பியைப் போட்டால் 7பி என்று முடியும் எண்ணோடு நீலத்திரை வரும். எஃப்6 விசையை அழுத்தி ஃபிளாப்பியில் டிரைவர் கேட்கும் காலத்து ஏற்பாடு அது. பயாஸில் போய் சாட்டாவை ஐடிஇ முறைக்கு மாற்றினால் பெரும்பாலும் தீரும். 2015-இல் தொடங்கி வந்த இன்டெல் 100 வரிசை போர்டுகளில் விண்டோஸ் 7 போட முயன்றால், முதல் திரையிலேயே யுஎஸ்பி கீபோர்டும் மவுஸும் செத்துவிடும். அந்தப் போர்டுகளின் யுஎஸ்பி 3.0-க்கான டிரைவர் விண்டோஸ் 7-இல் கிடையாது. பின்பக்கம் பிஎஸ்/2 துளை இருந்தால் பழைய கீபோர்டு கைகொடுக்கும்.

நாசாவிலிருந்து வந்த டிரைவர்

அச்சகத்தில் கைகொடுத்த 8139 சிப்பை மறுபடி எடுத்துக்கொள்கிறேன். விலை மலிவு, தரத்தில் கடைசி வரிசை. அதற்கு ஃப்ரீபிஎஸ்டி இயங்குதளத்தில் டிரைவர் எழுதிய பில் பால், தன் நிரலின் குறிப்பிலேயே அந்த சிப்பின் வடிவமைப்பைக் காய்ச்சி எடுத்திருக்கிறார். ஆனாலும் எழுதி முடித்துக் கொடுத்தார். லினக்ஸில் அதற்கு டிரைவர் எழுதியவர் டொனால்டு பெக்கர். நாசாவின் கோடார்டு விண்வெளி மையத்தில் வேலை பார்த்தபோது, மலிவான கம்ப்யூட்டர்களை இணைத்து சூப்பர் கம்ப்யூட்டர் செய்யும் பேயோவுல்ஃப் திட்டத்தை 1994-இல் தாமஸ் ஸ்டெர்லிங்கோடு உருவாக்கியவர். அந்தக் கம்ப்யூட்டர்களை இணைக்க லான் கார்டு வேண்டும், லான் கார்டுக்கு டிரைவர் வேண்டும். எழுதினார், எல்லோருக்கும் கொடுத்தார். அவர் விட்ட இடத்திலிருந்து மற்றவர்கள் திருத்திக்கொண்டே வந்தார்கள். லினக்ஸ் கெர்னலில் இன்றும் அந்த சிப்புக்கு டிரைவர் இருக்கிறது. சிடி வேண்டாம், தேடல் வேண்டாம், செருகினால் வேலை செய்யும்.

மூலநிரல் பொதுவில் இருப்பதால்தான் இது நடக்கிறது. கட்டற்ற மென்பொருள் இயக்கத்தின் தொடக்கத்திலேயே ஒரு டிரைவர் சண்டை இருந்தது. எம்ஐடியின் செயற்கை நுண்ணறிவுக் கூடத்துக்கு வந்த ஜெராக்ஸ் லேசர் பிரின்டரில் தாள் சிக்கினால் எல்லோருக்கும் தகவல் போகும்படி செய்ய நினைத்தார் ரிச்சர்டு ஸ்டால்மன். அதன் மென்பொருளின் மூலத்தை அவருக்குத் தர மறுத்துவிட்டார்கள். 1983 செப்டம்பரில் அவர் குனு திட்டத்தை அறிவித்ததற்கு அந்த மறுப்பும் ஒரு காரணம்.

லினக்ஸ் போட்டால் எல்லாம் தீர்ந்துவிடும் என்று நான் சொல்லவில்லை. என்விடியாவின் பழைய கார்டுகளுக்கான 340 வரிசை டிரைவருக்கு 2019 இறுதியோடு ஆதரவு முடிந்தது. அதன்பின் பொதுநிரலான நூவோவை நம்ப வேண்டியதுதான், வேகம் குறையும். 2025 ஆகஸ்டில் வந்த டெபியன் 13-இல் 32 பிட் கம்ப்யூட்டருக்கான நிறுவியே இல்லை. பேஜ்மேக்கரை வைத்துப் பிழைக்கும் அச்சகத்துக்கு லினக்ஸ் விடையும் அல்ல. ஆனால் பள்ளிக்கூட லேபிலும் வீட்டிலும் சும்மா கிடக்கும் கோர் 2 டியோ பெட்டி ஒன்றில், இன்டெல் கிராஃபிக்ஸும் ரியல்டெக் லானும் சவுண்டும் ஒரு மஞ்சள் குறிகூட இல்லாமல் எழுந்து நிற்பதைப் பார்க்க விரும்புகிறவர்கள், ஒரு லினக்ஸ் பென் டிரைவைச் செருகிப் பார்க்கலாம். நிறுவாமலேயே ஓட்டிப் பார்க்க முடியும்.

எட்டு ஆண்டு போதுமா?

சர்வர்களுக்கும் தகவல் சேமிப்புக் கருவிகளுக்கும் ஐரோப்பிய ஒன்றியம் 2019-இல் ஒரு விதி போட்டது. அந்த மாடலில் கடைசிப் பெட்டி சந்தைக்கு வந்த பிறகும் குறைந்தது எட்டு ஆண்டுகள், அதன் ஃபர்ம்வேரைக் கம்பெனி கிடைக்கச் செய்ய வேண்டும். பெரிய நிறுவனங்கள் வாங்கும் சர்வருக்கு இருக்கும் இந்தப் பாதுகாப்பு, ஜெராக்ஸ் கடைக்காரர் வாங்கும் டெஸ்க்டாப்புக்கு ஏன் இல்லை? இந்தியாவில் பழுது நீக்கும் உரிமைக்காக நுகர்வோர் விவகாரத் துறை 2022-இல் குழு அமைத்தது, அந்த ஆண்டு டிசம்பரில் ஒரு வலைவாசலும் திறந்தது. உதிரி பாகம், சர்வீஸ் சென்டர், கையேடு என்று அங்கே பேச்சு நடக்கிறது. மின்னணுக் கழிவுக்கான புதிய விதிகள் 2023 ஏப்ரல் முதல் நடப்பில் உள்ளன. உடைத்து மறுசுழற்சி செய்வது யார் பொறுப்பு என்று அவை விரிவாகச் சொல்கின்றன. ஓடக்கூடிய கம்ப்யூட்டர் கழிவாகாமல் இருக்க வேண்டிய கோப்பு யார் பொறுப்பு என்ற கேள்விக்கு அங்கே நேரான விடை இல்லை.

ஒரு மதர்போர்டின் எல்லா டிரைவர்களும் சேர்ந்து ஒரு சிடிக்குள், மிஞ்சினால் ஒரு டிவிடிக்குள் அடங்கிவிடும். அதை ஒரு சர்வரின் மூலையில் வைத்திருக்கக் கம்பெனிக்கு ஆகும் செலவு ஒன்றுமே இல்லை. பாதுகாப்புத் திருத்தம் தர வேண்டாம், புது விண்டோஸுக்கு எழுத வேண்டாம். இருந்ததை இருந்தபடி, ‘பழையது, பொறுப்பேற்க மாட்டோம்’ என்று எழுதியே வைத்திருக்கட்டும். வைத்திருக்க மனமில்லை என்றால் ஒரு பொது ஆவணகத்திடம் ஒப்படைக்கட்டும். பள்ளிகளுக்கும் அலுவலகங்களுக்கும் ஆயிரக்கணக்கில் கம்ப்யூட்டர் வாங்கும் அரசுகள், டெண்டரிலேயே இதை ஒரு நிபந்தனையாகச் சேர்க்க முடியும். டிரைவர்களின் முழுப் பிரதியைப் பெட்டிகளோடு ஒப்படைக்க வேண்டும், அதைப் பொதுவில் வைக்கும் உரிமையும் வாங்குபவருக்கு இருக்க வேண்டும் என்று ஒரு வரி. வாங்கும்போது கேட்டால்தான் கிடைக்கும். பத்து வருடம் கழித்துக் கேட்டால் பதில் சொல்லக்கூட ஆள் இருக்காது.

அதுவரை, நன்றாக ஓடிக்கொண்டிருக்கும் கம்ப்யூட்டரை வைத்திருப்பவர்கள் ஃபார்மேட்டுக்கு முன்னால் செய்ய வேண்டியவை இவை. விண்டோஸ் 10 என்றால் அதன் டிஐஎஸ்எம் கட்டளையிலேயே ‘எக்ஸ்போர்ட் டிரைவர்’ வசதி உண்டு. வெளியிலிருந்து சேர்த்த டிரைவர்களை எல்லாம் சொன்ன ஃபோல்டரில் வரிசையாக எடுத்து வைத்துவிடும். விண்டோஸ் 7 என்றால் சிஸ்டம்32-க்குள் டிரைவர் ஸ்டோர் என்ற ஃபோல்டர், அதற்குள் ஃபைல் ரெபாசிட்டரி. அதை அப்படியே பிரதி எடுத்தால் போதும், புதிய விண்டோஸில் ‘அப்டேட் டிரைவர்’ கொடுத்து அந்த இடத்தைக் காட்டலாம். எக்ஸ்பிக்கு ‘டபுள் டிரைவர்’ என்ற இலவசச் சிறு மென்பொருள் இதே வேலையைச் செய்யும். ஆச்சரியக்குறி எதுவும் இல்லாத இன்றைய டிவைஸ் மேனேஜரைத் திறந்து, கிராஃபிக்ஸ், லான், சவுண்ட் மூன்றின் ஹார்டுவேர் எண்களையும் ஓர் உரைக்கோப்பில் ஒட்டி அதே ஃபோல்டரில் போட்டு வையுங்கள். எடுத்ததை அதே ஹார்டு டிஸ்க்கில் வைக்காதீர்கள். ஃபேட்32-இல் ஃபார்மேட் செய்த பென் டிரைவ் ஒன்றில் வைத்து, போர்டின் மாடல் பெயரை அதன் மேல் எழுதி ஒட்டிவிடுங்கள்.